எட்டுச் சத்தம்

எங்கள் ஊர்ப் பக்கத்தில் அவரை எல்லோரும் டயர் அக்கா என்றுதான் கூப்பிட்டோம். அவருடைய பெயர் எனக்குத் தெரியும். ஆனால் அதைச் சொல்லி நான் ஒருநாளும் கூப்பிட்டதில்லை. இங்கே எழுதினால் வேறு யாரையோ பற்றிச் சொல்வதுபோல் இருக்கும் என்பதால் விட்டுவிடுகிறேன். கூலாயிலிருந்து செடெனாக் போகும் பழைய சாலையில், கடைவீடுகள் முடிந்து செம்பனை மரங்கள் தொடங்கும் இடத்தில் அவர் கடை இருந்தது. தகரக் கூரை, சிமெண்டுத் தரை, டயர் கழற்றும் இயந்திரம் ஒன்று, கொம்ப்ரசர் ஒன்று, சாமி படம் ஒன்று. படத்துக்குக் கீழே வாளியில் சோப்புக் கரைத்த சவுக்காரத் தண்ணீரும் ஒரு பிரஷ்ஷும் எந்நேரமும் இருக்கும். அக்காவுக்கு அப்போது நாற்பத்தெட்டு வயதிருக்கும். உடம்பு பெரியது, சிரிப்பு அதைவிடப் பெரியது. முழங்கை வரை டயர்க் கறுப்பு ஏறியிருக்கும். கொண்டையில் வைத்த பூ மட்டும் சாயந்தரம் வரை வெள்ளையாகவே இருக்கும். அது எப்படி என்று கடைசிவரை எனக்குப் பிடிபடவில்லை.

நான் பள்ளி வேன் ஓட்டுகிறவள். முதன்முதலில் அவரிடம் போனது ஒரு மதிய நேரத்தில். வேனில் பன்னிரண்டு பிள்ளைகள், பின் டயர் கிழிந்து போயிருந்தது. பத்தே நிமிடத்தில் புது டயர் போட்டு அனுப்பிவிட்டார். பரவாயில்லையே, கை வேகமான பொம்பளைதான் என்று நினைத்துக்கொண்டே இரண்டு கிலோமீட்டர் போயிருப்பேன், பின்னால் ஒரு மோட்டார் சைக்கிள் விடாமல் ஹாரன் அடித்தது. கண்ணாடியில் பார்த்தால் கொண்டைக்கு மேலே உட்காராமல் ஆடுகிற ஹெல்மெட்டுடன் அக்கா வருகிறார். வண்டியை ஓரம் கட்டினேன்.

"தங்கச்சி, வண்டியத் திருப்பு. அத கழட்டிட்டு மறுபடி போட்டுருவோம்."

டயரின் இரண்டு பக்கத்திலும் உள்ளே கம்பி வைத்த கெட்டியான விளிம்பு இருக்கும். காற்று ஏற ஏற அந்த விளிம்பு ரிம்மில் இருக்கும் சின்ன மேட்டைத் தாண்டித் தன் இடத்தில் போய் உட்காரும். உட்காரும்போது டப் என்று சத்தம் வரும். இரண்டு விளிம்பு, இரண்டு சத்தம். என் வேனுக்கு டயர் போட்டபோது முதல் சத்தம் கேட்டிருக்கிறது. அடுத்தது வரவேண்டிய நேரத்தில் வாசலில் செம்பனைக் குலை ஏற்றிய லாரி ஒன்று இரைந்துகொண்டு போயிருக்கிறது. இரண்டாவது சத்தம் தன் காதில் விழவில்லை என்பது அக்காவுக்கு நான் கிளம்பிப் போன பிறகுதான் உறைத்திருக்கிறது.

திரும்பிப் போனேன். பிள்ளைகள் ஐஸ்கிரீம் கேட்டு அழுதார்கள், அம்மாக்கள் கைப்பேசியில் வரிசையாகக் கூப்பிட்டார்கள், எனக்கு வந்த கோபத்தில் அந்த அக்காவைக் கண்டபடி ஏசினேன். அவர் ஜாக்கி வைத்துத் தூக்கி, உள்பக்கத்தைக் காட்டினார். டயரின் ஓரத்தில் ரிம்மை ஒட்டி மெல்லிய கோடு ஒன்று சுற்றி ஓடும். அது எல்லா இடத்திலும் ஒரே அளவாகத் தெரிய வேண்டும். என் டயரில் அந்தக் கோடு ஒரு இடத்தில் விரல்கடை அளவுக்கு உள்ளே முங்கிக் கிடந்தது. அதோடு நெடுஞ்சாலையில் ஏறியிருந்தால் வண்டி ஆடியிருக்கும். அக்கா காற்றை இறக்கிவிட்டு, விளிம்பைத் தள்ளி, சவுக்காரத் தண்ணீரைத் தடவி மறுபடி ஏற்றினார். டப். கொஞ்சம் பொறுத்து இன்னொரு டப். வேனுக்குள் இருந்த பன்னிரண்டு பிள்ளைகளும் அழுகையை விட்டுவிட்டுக் கைதட்டினார்கள். அன்று முதல் என் வண்டிக்கு வேறு கடை கிடையாது.

அக்காவை ஒரே வாக்கியத்தில் சொல்லச் சொன்னால், செய்ததை அவிழ்ப்பதற்கு வெட்கப்படாத மனுஷி என்று சொல்வேன். முக்கால்வாசி முடிந்த வேலையைக் கழற்றிப் போடுவதென்றால் நமக்கெல்லாம் உயிர் போகும். பரவாயில்லை, ஓடும் என்று விட்டுவிடுவோம். அவருக்கு அது பசியாறுவது மாதிரி சாதாரண காரியம். கழற்றும்போதுதான் முகத்தில் சிரிப்பு அதிகமாக இருக்கும்.

டயரில் மட்டும் இல்லை, பேச்சிலும் அப்படித்தான். பக்கத்தில் நாசி லெமாக் என்ற தேங்காய்ப்பால் சோறு விற்கும், மாக்சிக் என்று நாங்கள் கூப்பிடும் மலாய்க்கார அம்மாளிடம் ஒருநாள் ஏதோ கோபத்தில் கத்திவிட்டார். மறுநாள் காலையில் நான் காற்றுப் பார்க்கப் போயிருந்தேன். அக்கா கையைத் துடைத்துக்கொண்டு, கடையில் கூட்டமாக ஆள்கள் நிற்கும்போதே மாக்சிக்கிடம் போய், நேற்று நான் பேசினதை எடுத்துக்கொள்கிறேன், இப்போது சரியாகச் சொல்கிறேன் என்று மலாயில் ஆரம்பித்தார். மன்னிப்புக் கேட்கப் போகிறார் என்று நினைத்தேன். அவரோ, உங்கள் கடைக்கு வருகிற கார்கள் என் வாசலை அடைக்கின்றன, தயவுசெய்து பத்தடி தள்ளி நிறுத்தச் சொல்லுங்கள் என்று அதே புகாரை மரியாதையாகத் திரும்பச் சொல்லிவிட்டு வந்தார். மாக்சிக் விழுந்து விழுந்து சிரித்தார். அதற்குப் பிறகு கார்கள் தள்ளித்தான் நின்றன. தினமும் காலையில் அக்காவுக்கு இலையில் சுற்றிய பொட்டலம் ஒன்றும் வந்தது.

கைப்பேசியில் அவர் அனுப்பும் குரல் தகவல்கள் இன்னும் வேடிக்கை. மூன்று தகவல் வந்து மூன்றையும் அழித்திருப்பார். நான்காவதாக ஒன்று வரும்: "தங்கச்சி, உன் டயர் வந்துருச்சு." இதைச் சொல்ல எதற்கு நான்கு தடவை என்று கேட்டால், முதல் மூன்றிலும் குரல் அதட்டுவதுபோல் இருந்ததாம்.

அவர் வீட்டுக்காரர் ஒல்லியான மனிதர், அதிகம் பேசமாட்டார். சிங்கப்பூருக்கு லாரி ஓட்டினார். கல்யாணமாகி பத்து வருடத்தில் இருவருக்கும் ஒத்துவராமல் அவர் பொந்தியானில் இருக்கும் அண்ணன் வீட்டுக்குப் போய் எட்டு மாதம் இருந்துவிட்டுத் திரும்பி வந்தவர். நம் ஆள்கள் இதையெல்லாம் மூடி மறைப்பார்கள். அக்கா வருகிற வாடிக்கையாளரிடமெல்லாம், "எங்க ரெண்டு பேரையும் ஒருதடவ கழட்டி மாட்டியாச்சுலா, இப்ப சத்தமே இல்லாம ஓடுது" என்று சொல்லுவார். அந்த மனிதர் பக்கத்திலேயே ஜாக்கியைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார்.

நான் இதற்கு நேர் எதிர். எங்கள் வீட்டில் என்னைப் பற்றிக் கேட்டால் சொல்வார்கள்: வாயை விட்டு ஒரு வார்த்தை போனால் போனதுதான், திரும்ப எடுக்கமாட்டேன். என் நாத்தனாரோடு ஒரு கல்யாண வீட்டில் பேச்சுத் தடித்து இரண்டு தீபாவளி முகம் பார்க்காமல் இருந்தவள். இப்போது பேசிக்கொள்கிறோம்; அதற்கும் இந்த அக்காதான் காரணம். காரணம் என்றால் அவர் எனக்கு எதையும் எடுத்துச் சொல்லவில்லை. ஒரு ஆடி மாதம், ஞாயிற்றுக்கிழமை, எங்கள் கோயில் ரதத்தின் அடியில் அவர் செய்ததைப் பார்த்தேன், அவ்வளவுதான்.

செடெனாக் பக்கத்துத் தோட்டத்தில் இருக்கிறது எங்கள் மாரியம்மன் கோயில். தோட்டத்தில் இப்போது நம் குடும்பங்கள் அதிகம் இல்லை. எல்லோரும் டவுனுக்கு வந்துவிட்டோம், ஆனால் திருவிழாவுக்கு ஒருவர் பாக்கியில்லாமல் போய்விடுவோம். பழைய சின்ன லாரி ஒன்றின் அடிச்சட்டத்தின் மேல் கட்டிய ரதம் அது. முன்னால் டிராக்டர் இழுக்கும். வருடம் முழுக்கக் கொட்டகையில் நின்று நின்று டயர்கள் வெடிப்பு விட்டுவிட்டதால், அந்த வருடம் நான்கும் புதிதாக மாற்றுவதென்று கமிட்டியில் முடிவானது. வேலை அக்காவிடம் போனது. அவர் கொட்டகைக்கே வந்து ரதத்தைக் கட்டையில் ஏற்றி நிறுத்தி, பழைய டயர்களைக் கழற்றி எடுத்துப் போனார். ரிம்கள் நான்கும் கொட்டகையில் இருந்தன.

எங்கள் கோயிலில் ஒவ்வொன்றும் ஒரு குடும்பத்தின் உபயம். அம்மனுக்குச் சேலை ஒரு வீடு, பூ ஒரு வீடு, விளக்கு ஒரு வீடு. ரதச் சக்கரத்துக்குப் பெயிண்ட் அடிப்பது கோயில் தலைவர் வீட்டு உபயம். அவர் அப்பா காலத்திலிருந்து அப்படித்தான். வேறு யாரும் அதில் கை வைக்கமுடியாது.

அந்த வருடம் தைப் பொங்கலுக்கு முன்னால் என் வீட்டுக்காரர் மோட்டார் சைக்கிளில் சிங்கப்பூர் வேலைக்குப் போகும்போது விழுந்து, வலது கால் இரண்டு இடத்தில் முறிந்துபோனது. பழையபடி நடப்பாரா என்பதை டாக்டர் உறுதியாகச் சொல்லவில்லை. ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று அம்மனிடம் வேண்டிக்கொண்டேன்: இந்த மனுஷன் கால் ஊன்றி நடந்தால், உன் ரதத்தின் சக்கரத்துக்கு என் கையால் பெயிண்ட் அடிக்கிறேன். காலுக்குச் சக்கரம் என்று அந்த நேரத்துப் புத்திக்குத் தோன்றியது. யாரிடமும் சொல்லவில்லை. ஆனி மாதம் அவர் ஊன்றுகோலைத் தூரப் போட்டுவிட்டு நடந்தார்.

வேண்டுதலை நிறைவேற்ற வேண்டுமே. வெளிப்பக்கம் தலைவர் வீட்டு உபயம், தொட்டால் வம்பு. யோசித்துப் பார்த்தேன். ரிம்முக்கு உள்பக்கம் என்று ஒன்று இருக்கிறதே, அது யாருக்கும் உபயம் இல்லையே. கமிட்டியில் நானும் ஆள் என்பதால் கொட்டகைச் சாவி ஒன்று என்னிடம் இருந்தது. பள்ளிக்குப் பிள்ளைகளை விட்டுவிட்டுத் திரும்பும் நேரத்தில் போய், டயர் உட்காரும் அந்த உள்வளைவு முழுக்க வெள்ளி நிறப் பெயிண்ட் அடித்தேன். சாமி காரியத்தில் கஞ்சத்தனம் ஆகாது என்று மூன்று நாள் போய் ஒன்றின்மேல் ஒன்றாக மூன்று கோட்டு அடித்தேன். கடைசிக் கோட்டு அடித்தது வெள்ளிக்கிழமை. ரிம்மின் இரும்பும் வெள்ளி நிறம்தான், அதனால் பார்த்தால் யாருக்கும் வித்தியாசம் தெரியாது. தலைவர் வீட்டுப் பிள்ளைகள் சனிக்கிழமை வந்து வெளிப்பக்கம் தங்க நிறம் அடித்துவிட்டுப் போனார்கள். எனக்கு ஒரே திருப்தி.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு அக்கா தன் வண்டியில் கொம்ப்ரசரும் புது டயர்களுமாக வந்து இறங்கினார். ரத ஊர்வலத்துக்குப் போலீஸ் பர்மிட் நாலு மணியிலிருந்து. நாலு டயர்தானே, பதினொன்றரைக்கு முடிந்துவிடும் என்று சொல்லிவிட்டு முதல் டயரை ரிம்மில் ஏற்றினார். காற்று விட்டார். டப் என்று ஒரு பக்கம் உட்கார்ந்தது. இன்னொரு பக்கம் உட்காரவில்லை.

அக்கா காற்றை இறக்கினார். சவுக்காரத் தண்ணீரைத் தாராளமாகத் தடவி, டயரைத் தரையில் இரண்டு தட்டுத் தட்டி மறுபடி ஏற்றினார். ஒரு சத்தம்தான். காற்று வேகமாகப் போகட்டும் என்று வால்வின் உள்ளே இருக்கும் ஊசியைக் கழற்றிவிட்டு ஏற்றினார். ஒரு சத்தம்தான். டயரைச் சுற்றிப் பட்டை கட்டி இறுக்கி ஏற்றினார். உள்பக்கத்துக் கோடு ஒரு சாண் நீளத்துக்கு முங்கியே கிடந்தது. காற்று மானியில் முள் ஒரு அளவுக்கு வந்ததும் அக்கா கையை எடுத்துவிடுவார். அதற்கு மேல் ஒரு முள் ஏற்றமாட்டார்.

மணி பன்னிரண்டு. சுற்றி ஆண்கள் கூடிவிட்டார்கள். டயர் மாட்டாமல் கிடந்தால் நம் ஆள்களுக்கு அறிவுரை ஊற்றெடுக்கும். இன்னும் காற்று ஏற்றுங்கள் என்றார் ஒருவர். சுத்தியலால் அடியுங்கள் என்றார் இன்னொருவர். தலைவரின் மச்சான் ஒருபடி மேலே போய், உள்ளே கொஞ்சம் பெட்ரோல் தெளித்துத் தீக்குச்சி கிழித்துப் போட்டால் டமார் என்று உட்கார்ந்துவிடும், தான் காணொளியில் பார்த்ததாகச் சொன்னார்.

"தீமிதி நம்ம கோயில்ல இல்லண்ணே" என்றார் அக்கா, தலையைத் தூக்காமல்.

எல்லோரும் சிரித்தார்கள், தலைவர் சிரிக்கவில்லை. கெட்ட மனிதர் இல்லை அவர். ரதம் கிளம்பாவிட்டால் ஊர் தன்னைத்தான் பேசும் என்ற பயம். என்னைப் பார்த்து, என்னம்மா இது என்று கேட்டார். நானும் ஏதோ பெரிய விஷயம் தெரிந்தவள்போல், "சைஸ் மாத்தி வாங்கிட்டு வந்துட்டாங்க போலருக்கு தலைவரே" என்று சொன்னேன். சத்தியமாகச் சொல்கிறேன், என் பெயிண்டுக்கும் இதற்கும் சம்பந்தம் இருக்கும் என்று அப்போது எனக்குத் தோன்றவே இல்லை. ஏதாவது சொல்லவேண்டுமே என்று சொன்னதுதான். அக்கா காதில் அது விழுந்தது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை.

"கழட்டிருவோம்" என்றார்.

இயந்திரம் கிடையாது, இரும்புக் கம்பிகளை வைத்து நெம்பி, ஏறி மிதித்து, வேர்த்து விறுவிறுத்து அந்த டயரை முழுசாக வெளியே எடுத்தார். டயரின் விளிம்பில் சுற்றிலும் வெள்ளி வளையம் ஒட்டியிருந்தது. அக்கா அதை முகர்ந்து பார்த்தார். ரிம்மின் உள்வளைவில் நகத்தால் கீறினார். மேலே காய்ந்து அடியில் காயாத பெயிண்ட், அல்வா மாதிரி சுருண்டு வந்தது. ரப்பர் அதில் பிடித்துக்கொண்டு மேட்டைத் தாண்ட மறுத்திருக்கிறது. அது என் மூன்று கோட்டு.

ரிம்முக்கு உள்ளே யார் பெயிண்ட் அடித்தது என்று அக்கா கேட்டார். தலைவர் வீட்டுப் பிள்ளைகள், நாங்கள் வெளியே தங்க நிறம் மட்டும்தான் அடித்தோம் என்று சாமிமேல் ஆணையிட்டார்கள். தலைவருக்கு ஏற்கெனவே இருந்த பயம் கோபமாக மாறியது.

"உள்ளுக்கு யாரு போயி பெயிண்டு அடிப்பா, அக்கா? யாரு கண்ணுக்குத் தெரியும் அது? சைஸ் தப்புன்னா தப்புன்னு சொல்லிருங்க, கதை கட்டாதீங்க. இப்படின்னா என் லாரிக்கும் நான் வேற கடைய பாத்துக்கறேன்."

அவரிடம் குலை ஏற்றும் லாரிகள் ஆறு இருந்தன. அக்கா கடைக்கு வரும் வேலையில் பாதி அந்த லாரிகளால்தான். அதைவிடப் பெரியது, கோயிலில் அத்தனை பேர் முன்னால் பொய்க்காரி என்ற பெயர். யோசித்துப் பார்த்தால் தலைவர் கேட்டதில் நியாயம் இருந்தது. புத்தியுள்ளவர்கள் யார் ரிம்முக்கு உள்ளே பெயிண்ட் அடிப்பார்கள்? அக்கா சொன்னதை அங்கே ஒருவரும் நம்பவில்லை.

அக்கா, "சைஸ் சரிதான் தலைவரே" என்று மட்டும் சொன்னார். குரலை உயர்த்தவில்லை. குந்தி உட்கார்ந்து, கத்தியால் அந்தப் பெயிண்டைச் சுரண்ட ஆரம்பித்தார். நான்கு ரிம், இரண்டிரண்டு பக்கம், ஒரே ஆள். நாலு மணிக்கு எப்படியும் முடியாது.

வாயைத் திறக்காமல் இருந்துவிட்டால் யாருக்கும் தெரியாது. அது எனக்கு நன்றாகத் தெரிந்தது. ஒரு நிமிடம் அப்படியே நின்றேன், அதை மறைக்கப் போவதில்லை. என் வேனைத் துரத்திக்கொண்டு வந்த அந்த ஹெல்மெட் ஏனோ ஞாபகத்துக்கு வந்தது. போன வண்டியைத் திருப்பிக் கூட்டிவர அந்த மனுஷிக்கு வெட்கமாக இருக்கவில்லையே, எனக்கென்ன வந்தது என்று இருந்தது.

"தலைவரே, உள்ளுக்கு அடிச்சது நான்தான். மூணு கோட்டு. சைஸ்னு உங்ககிட்ட சொன்னதும் நான்தான். ரெண்டும் என் தப்பு. அக்கா மேல ஒன்னும் இல்ல."

அன்னதானத்துக்குக் காய் நறுக்கிக்கொண்டிருந்த பெண்கள் கத்தியை நிறுத்திவிட்டார்கள். எனக்குக் காது இரண்டும் சுட்டது. முதலில் சிரித்தது அக்காதான்.

"மூணு கோட்டா? என் வீட்டுக் கதவுக்கே ரெண்டுதான்லா அடிச்சேன்."

கூட்டத்தில் நின்ற என் வீட்டுக்காரர் மெதுவாக என் பக்கம் வந்து, எதற்கு இப்படிச் செய்தாய் என்று கேட்டார். "உங்க காலுக்குத்தான்" என்றேன். அவர் தன் காலைப் பார்த்தார், ரிம்மைப் பார்த்தார், தரையில் உட்கார்ந்து, காலை நீட்டி, ஒரு ரிம்மை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். எனக்கு அழுகை வந்துவிட்டது. வேண்டிக்கொண்டு அடித்ததைச் சுரண்டினால் அம்மன் கோபித்துக்கொள்வாளோ, இவர் காலுக்கு ஏதாவது ஆகுமோ என்ற பயமும் கூடவே வந்தது. அக்காவிடம் அதைச் சொன்னேன்.

"நீ அடிச்ச அன்னிக்கே அது ஆத்தாகிட்ட போய்ச் சேந்துருச்சு. இப்ப எடுக்கறது டயருக்கு. இந்தா, கத்தியப் பிடி."

அதற்குப் பிறகு நடந்ததை நினைத்தால் இன்றைக்கும் சந்தோஷமாக இருக்கிறது. காய் நறுக்கிய பெண்கள் எல்லோரும் கத்தியோடு வந்து உட்கார்ந்தார்கள். சட்டி தேய்க்கும் கம்பி நார் கோயில் சமையல்கட்டில் இருந்ததெல்லாம் வந்தது. ஒருத்தி தேங்காய் துருவும் மனையையே தூக்கிக்கொண்டு வந்தாள். தலைவரின் மனைவி பட்டுச்சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, வெளிப்பக்கத்துத் தங்கத்தில் கீறல் விழாமல் சுரண்டுங்கள் என்று அதட்டிக்கொண்டே சுரண்டினார். யாரோ ஒரு பாட்டைத் தொடங்க, எல்லோரும் சேர்ந்து பாடினோம். கடைசியில் தலைவரும் சட்டையைக் கழற்றிவிட்டு அக்கா எதிரில் வந்து குந்தினார்.

"அக்கா, நானும் சொன்னத கழட்டிடறேன்" என்றார்.

"கழட்டினா பத்தாது தலைவரே. மறுபடி போடணும்" என்றார் அக்கா.

நான் அவர் பக்கத்தில் சுரண்டிக்கொண்டிருந்தேன். என்மேல் சந்தேகம் வரவே இல்லையா என்று மெதுவாகக் கேட்டேன். என் கட்டைவிரல் நகத்தைக் காட்டினார். நகக்கண்ணில் வெள்ளிப் பெயிண்ட். டயரைக் கழற்றிய உடனேயே அதைப் பார்த்துவிட்டாராம். அப்புறம் ஏன் தலைவர் அப்படிப் பேசும்போது சும்மா இருந்தீர்கள் என்று கேட்டேன். உன்னை நான் காட்டிக் கொடுத்திருந்தால் அது அளவுக்கு மேலே ஏற்றின காற்று, வெடித்துத்தான் இருக்கும் என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கத்தைச் சுரண்டப் போய்விட்டார்.

மூன்றரை மணிக்கு முதல் ரிம் இரும்பாகப் பளபளத்தது. துடைத்து, சவுக்காரத் தண்ணீர் தடவி, டயரை ஏற்றி, அக்கா காற்று விட்டார். காலையிலிருந்து சும்மா உட்கார்ந்திருந்த உறுமி மேளப் பையன்கள் உள்பட ஒருவரும் மூச்சு விடவில்லை. டப். எல்லோரும் அக்கா முகத்தைப் பார்த்தோம். அவர் கையைத் தூக்கி, பொறுங்கள் என்று காட்டினார். டப். மேளக்காரப் பையன் ஒருவன் தன்னையறியாமல் உறுமியில் ஒரு இழுப்பு இழுத்தான். அடுத்த டயருக்கு அவர்கள் எல்லோரும் எழுந்து நின்றுவிட்டார்கள். ஒவ்வொரு சத்தத்துக்கும் ஒரு அடி. கூட்டம் எண்ணியது, மூன்று, நான்கு, ஐந்து. ஏழாவதுக்கும் எட்டாவதுக்கும் இடையில் கொஞ்சம் நேரம் எடுத்தது. காற்று மானியின் முள் அக்காவுடைய அளவுக்குப் பக்கத்தில் வந்துவிட்டது. அம்மா தாயே என்று யாரோ முணுமுணுத்தார்கள். எட்டாவது சத்தம் வந்ததும் ஓம் சக்தி என்று எழுந்த குரலில் கொட்டகைத் தகரம் அதிர்ந்தது. தலைவர் மச்சான் என்னைக் கட்டிப் பிடிக்க வந்துவிட்டு, சுதாரித்துக்கொண்டு என் வீட்டுக்காரரைக் கட்டிப் பிடித்தார்.

சக்கரங்களை மாட்டி, ரதம் நாலே முக்காலுக்குக் கிளம்பியது. அக்கா கொம்ப்ரசரை ஏற்றிக்கொண்டு, குளித்துவிட்டு வருகிறேன் என்று போய்விட்டார்.

ரதம் வழக்கமாக நிற்கும் வாசல்கள் எங்களுக்கு மனப்பாடம். அக்கா கடை அந்தக் கணக்கில் இல்லை. அந்த இடத்தைத் தாண்டி டவுன் பக்கம்தான் நம் வீடுகள். அன்று ஆறு மணிக்கு, வெயில் இறங்கும் நேரத்தில், தகரக் கூரைக்கு எதிரில் வந்ததும் தலைவர் முன்னால் ஓடிப் போய் இரண்டு கையையும் விரித்து டிராக்டரை நிறுத்தினார். இது எங்கள் டயர் அக்கா வாசல், இங்கே அர்ச்சனை நடக்கவேண்டும் என்று மேளத்தையும் மீறிக் கத்தினார். மாக்சிக் தன் கடையிலிருந்து வெளியே வந்து பார்த்தார்.

அக்கா குளித்து, மாம்பழ நிறப் பட்டுச்சேலை கட்டி, தலை நிறையப் பூ வைத்து, வீட்டுக்காரரோடு தேங்காய்ப் பழத் தட்டை ஏந்திக்கொண்டு நின்றார். ரதம் நிற்கும் என்று அவர் எதிர்பார்க்கவில்லை. ஆனாலும் தட்டு தயாராக இருந்தது. கண் கலங்கியிருந்தது. பூசாரி கற்பூரத்தை ஏற்றிக்கொண்டு ரதத்தின் படியில் வந்து நின்றார்.

அக்கா தட்டைத் தூக்கவில்லை, வீட்டுக்காரர் கையில் கொடுத்துவிட்டார். முன்சக்கரத்துக்குப் பக்கத்தில் குனிந்து கோட்டைப் பார்த்தார். அடுத்த சக்கரத்துக்குப் போனார். சுற்றி வந்து மற்ற இரண்டையும் பார்த்தார். பூசாரி கற்பூரத்தோடு நின்றார், தலைவர் நின்றார், இருநூறு பேர் நின்றோம், மேலே அம்மனும் நின்றாள். முடிந்தது என்று நினைத்தபோது அக்கா இடுப்பிலிருந்து கைப்பேசியை எடுத்து விளக்கைப் போட்டுக்கொண்டு, அந்தப் பட்டுச்சேலையோடு தார் ரோட்டில் மல்லாந்து படுத்து ரதத்தின் அடியில் நகர்ந்து போனார். அக்கா என்று நான் கூப்பிட்டேன். உள்ளேயிருந்து, இரு வருகிறேன் என்று குரல் வந்தது. நான்கு சக்கரத்துக்கும் உள்பக்கத்தில் வெளிச்சம் ஒன்றன்பின் ஒன்றாக நகர்ந்துபோனது.

வெளியே வந்தபோது சேலையின் முதுகுப் பக்கம் முழுக்க ரோட்டுப் புழுதி. தலைப் பூ மட்டும் அப்போதும் வெள்ளையாகவே இருந்தது. மூச்சு வாங்க எழுந்து என் தோளைப் பிடித்துக்கொண்டார்.

"உள்பக்கம் நல்லா உக்காந்திருக்கு தங்கச்சி" என்றார். அதற்குப் பிறகுதான் அம்மனைப் பார்த்துக் கையைத் தூக்கினார்.

அக்கா இப்போது பத்து பாகாட் என்ற ஊரில் மகள் வீட்டுக்குப் பக்கத்தில் கடை போட்டிருக்கிறார். அங்கிருந்து எனக்குக் குரல் தகவல் வரும், முதல் மூன்றையும் அழித்துவிட்டு.